தம்பி பேரு சார்ஜ் ஷீட்டில் இருக்கு. சாட்சி விசாரணைக்கு முன்னாடியே வழக்கிலிருந்து வெளியே வர முடியுமா?

கரிசல்காட்டுப் பையன்:
எல்லாருக்கும் வணக்கம். எங்க வீட்டுல இதுவரை யாரும் கோர்ட் படி ஏறினது இல்ல. தப்பாக் கேட்டிருந்தா பொறுத்துக்கோங்க.

2023 ஆடி மாசம் கிணத்துக்குப் போற பாதை விஷயமா பங்காளி வீட்டோட தகராறு. அவங்க புகார் கொடுத்தாங்க. (நடந்த விவரத்தை இங்க எழுதியிருந்தேன். கீழே வக்கீல் சார் சொன்னதால எடுத்துட்டேன்.) எஃப்.ஐ.ஆர்ல எங்க வீட்டு ஆளுக மூணு பேரு பேரும் "மற்றும் சிலர்"னும் இருந்துச்சு. சார்ஜ் ஷீட் வந்தப்ப அஞ்சு பேரு. ஏ4, அதாவது குற்றம் சாட்டப்பட்டவங்கள்ல நாலாவது ஆள், என் தம்பி. அன்னைக்கு அவன் ஊர்லயே இல்ல. கோயம்புத்தூர்ல லேத் பட்டறையில வேலையில இருந்தான். வருகைப் பதிவேட்டுல கையெழுத்து இருக்கு.

போட்டிருக்கிற பிரிவு 147 (கலகம்), 294(பி) (ஆபாசமாத் திட்டுறது), 323 (அடிச்சுக் காயப்படுத்துறது), 506(2) (கொலை மிரட்டல்). தம்பி ரெண்டு வருஷமா காவலர் தேர்வுக்குப் படிக்கிறான். காலையில நாலரைக்கு எந்திரிச்சு கண்மாய்க் கரையில ஓடுறான். சம்மன் வந்த நாள்லருந்து ஓடப் போகல.

ஒரு வக்கீல் "ஹைகோர்ட்டுல குவாஷ் போட்டுரலாம்"ங்கிறார். இன்னொருத்தர் "கீழ்க் கோர்ட்டுலயே டிஸ்சார்ஜ் போடலாம்"ங்கிறார். பக்கத்து வீட்டு மாமா "பேசி முடிச்சுக் கையெழுத்துப் போட்டுருங்க"ங்கிறார். மூணுக்கும் என்ன வித்தியாசம்? யாராவது விளங்குற மாதிரி சொல்லுங்க.

தாமிரபரணி வக்கீல்:
தம்பி, முதல்ல ஒண்ணு. அன்றைக்கு யார் எங்கே நின்றார், யார் யாரை அடித்தார் என்றெல்லாம் பொது இடத்தில் எழுதாதீர்கள். அந்தப் பத்தியை உடனே எடுத்துவிடுங்கள்.

இப்போது உங்கள் கேள்வி. சாட்சிக் கூண்டில் ஒருவரும் ஏறுவதற்கு முன்பே வழக்கு முடிய நம் சட்டத்தில் வழி உண்டு. ஒவ்வொரு வழியிலும் நீதிபதி எந்தக் காகிதத்தைப் பார்க்கலாம் என்பது வேறு. அது தெரியாமல் மனு போட்டுத்தான் பலர் ஏமாறுகிறார்கள்.

டிஸ்சார்ஜ் என்றால் விடுவிப்பு மனு. வழக்கு எந்தக் கோர்ட்டில் இருக்கிறதோ அங்கேயே, குற்றச்சாட்டு வனைவதற்கு முன்பு, அதாவது எந்தக் குற்றத்துக்காக விசாரணை என்று நீதிபதி எழுதி முடிவு செய்வதற்கு முன்பு போட வேண்டும். அமர்வு நீதிமன்றம் விசாரிக்கும் வழக்கானால் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 227ஆம் பிரிவு. நடுவர் (மாஜிஸ்திரேட்) விசாரிக்கும் வாரண்ட் வழக்கானால், அதாவது இரண்டு ஆண்டுக்கு மேல் தண்டனை வரக்கூடிய வழக்கானால், 239. 2024 ஜூலை 1 முதல் வந்த புதிய சட்டத்தில் இவை 250, 262. புதியதில் 60 நாள் கெடுவும் வைத்திருக்கிறார்கள். 250க்கு வழக்கு அமர்வு நீதிமன்றத்துக்கு ஒப்படைக்கப்பட்ட நாளிலிருந்து, 262க்கு நகல் கொடுத்த நாளிலிருந்து கணக்கு. அந்தத் தேதிக்கு முன்பே நிலுவையில் இருந்த வழக்கு பழைய சட்டப்படியே நடக்கும். உங்கள் தம்பிக்கு 239 பொருந்தும்.

அந்த மனுவில் நீதிபதி பார்ப்பது போலீஸ் தாக்கல் செய்த காகிதத்தை மட்டும். அதில் எழுதியிருப்பது முழுக்க உண்மை என்றே வைத்துக்கொண்டாலும் இந்த ஆள் மேல் குற்றம் வருகிறதா? கேள்வி அவ்வளவுதான். 1978இல் பிரபுல்ல குமார் சமல் வழக்கில் உச்ச நீதிமன்றம், நீதிபதி வெறும் தபால் நிலையம் மாதிரி அரசுத் தரப்பு சொன்னதை வாங்கி அனுப்பக் கூடாது, காகிதத்தைச் சலித்துப் பார்க்கலாம் என்றது. வலுவான சந்தேகம் எழுந்தால் வழக்கு நடக்கும். இரண்டு விதமாகப் பொருள் கொள்ள இடமிருந்து, சந்தேகம் மட்டும் இருந்து அது வலுவாக இல்லை என்றால் விடுவிக்கலாம்.

உங்கள் கையில் இருக்கும் வருகைப் பதிவேட்டை அங்கே காட்ட முடியாது. 2004 நவம்பரில் தேவேந்திரநாத் பாதி வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு இதைத் தீர்த்துவிட்டது. குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில் எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், தன் பக்கத்து ஆவணத்தை நீட்டக் கூடாது. "நான் ஊரிலேயே இல்லை" என்பது விசாரணையில் நிரூபிக்க வேண்டிய விஷயம்.

குவாஷ் என்றால் வழக்கையே ரத்து செய்வது. அது உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம். பழைய 482, புதிய 528. அங்கே கொஞ்சம் கூடுதல் இடம் உண்டு. யாரும் மறுக்க முடியாத தரத்தில் ஓர் ஆவணம் எதிரியிடம் இருந்து, அரசுத் தரப்பு கதையை அது அடியோடு சாய்த்துவிடும் என்றால் உயர் நீதிமன்றம் அதைப் பார்க்கலாம் என்று 2013இல் ராஜீவ் தாப்பர் வழக்கில் சொன்னார்கள். ஆனால் ஒரு பட்டறை முதலாளி வைத்திருக்கும் நோட்டு அந்தத் தரத்துக்கு வருமா? வராது என்றுதான் நான் சொல்வேன். "கையெழுத்தை எப்போது வேண்டுமானாலும் போடலாமே" என்று அரசு வக்கீல் ஒரே வரியில் முடித்துவிடுவார்.

மூன்றாவது வழி சமாதானம். அதைத் தனியாக எழுதுகிறேன். உங்கள் தம்பி விஷயத்தில் அதில் ஒரு முள் இருக்கிறது.

முன்னாள் ரைட்டர்:
நான் ஸ்டேஷன் ரைட்டரா இருந்து ஓய்வு பெற்றவன். இதை எழுதக் கை கூசுது. ஆனா அந்தப் பையன் ஓடப் போகலைன்னு படிச்சதும் எழுதாம இருக்க முடியல.

147 கலகம் செய்த குற்றம். அதுக்கு சட்டவிரோதக் கூட்டம் வேணும். கூட்டம்னா குறைஞ்சது அஞ்சு பேர். எஃப்.ஐ.ஆர்ல மூணு பேரு, சார்ஜ் ஷீட்ல சரியா அஞ்சு பேருன்னா அந்த நாலாவது, அஞ்சாவது ஆள் எப்படி வந்தாங்கன்னு 161 வாக்குமூலத்துல, அதாவது போலீஸ் சாட்சிகளை விசாரிச்சு எழுதினதுல, பாருங்க. எந்தத் தேதியில பதிவு செஞ்ச வாக்குமூலத்துல முதல் தடவையா அந்தப் பேரு வருது? சம்பவத்தன்னைக்கே பதிவு செஞ்சதுலயா, ஒரு வாரம் கழிச்சு "மறு விசாரணை"ன்னு போட்டதுலயா?

இன்னொண்ணு. ஏ.ஆர். காப்பியைப் பாருங்க. காயம்பட்டவர் ஆஸ்பத்திரிக்குப் போனதும் டியூட்டி டாக்டர் கேட்டு எழுதுறது அது. "தெரிந்த மூன்று நபர்கள்"னு இருந்தா மூணு பேருதான் முதல்ல வாயில வந்திருக்கு. அது போலீஸ் தாக்கல் செஞ்ச காகிதத்துலயே இருக்கும். அதனால விடுவிப்பு மனுவுல தாராளமாச் சுட்டிக் காட்டலாம்.

மதுரை மாணவன்:
நானும் என் அனுபவத்தைச் சொல்றேன். காலேஜ் படிக்கும்போது ரோட்டோரம் உட்கார்ந்து கோஷம் போட்டோம். 143 (சட்டவிரோதக் கூட்டம்), 188 (அதிகாரி போட்ட உத்தரவை மீறினது) பிரிவுல வழக்கு. மதுரைக் கிளையில குவாஷ் ஆச்சு. ஜீவானந்தம் வழக்குன்னு 2018 செப்டம்பர்ல நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் கொடுத்த தீர்ப்புதான் எங்களுக்குக் கை கொடுத்துச்சு. 188க்கு போலீஸ் நேரா எஃப்.ஐ.ஆர். போட முடியாது, உத்தரவு போட்ட அதிகாரியோ அவருக்கு மேலுள்ளவரோ எழுத்துமூலமா நடுவர்கிட்ட புகார் கொடுக்கணும்னு சட்டத்துல இருக்கு. 195ஆம் பிரிவு. அந்தப் புகாரே எங்க வழக்குல இல்ல.

அதனால அண்ணே, நேரா ஹைகோர்ட் போங்க. கீழ்க் கோர்ட்டுல வாய்தா வாய்தான்னு நாள் போயிடும்.

தாமிரபரணி வக்கீல்:
தம்பி, உங்கள் வழக்கில் கதவே பூட்டியிருந்தது. சட்டம் கேட்கும் முன்நிபந்தனை இல்லாமல் வழக்கு உள்ளே வந்தது. அரசு ஊழியர் மேல் முன் அனுமதி இல்லாமல் போடுவது, காலவரம்பு கடந்தபின் கோப்பில் எடுப்பது, கைது செய்ய அதிகாரமில்லாத சிறு குற்றத்தை நடுவர் உத்தரவில்லாமல் போலீஸ் புலனாய்வு செய்வது எல்லாம் அதே ரகம். உண்மை எது, பொய் எது என்று யாரும் பார்க்க வேண்டியதில்லை. அங்கே குவாஷ் சரியான ஆயுதம்.

கரிசல் தம்பியின் வழக்கு அப்படி இல்லை. அங்கே அடிதடி நடந்ததா, யார் இருந்தார்கள் என்பது நடந்த நிகழ்வு சார்ந்த கேள்வி. 2021 ஏப்ரலில் நீஹாரிகா வழக்கில் உச்ச நீதிமன்றம், புலனாய்வைத் தடுக்கும் அதிகாரத்தை அரிதினும் அரிதாகப் பயன்படுத்துங்கள், "கடும் நடவடிக்கை கூடாது" என்று பொத்தாம் பொதுவாக இடைக்கால உத்தரவு போடாதீர்கள் என்று உயர் நீதிமன்றங்களுக்குச் சொன்னது. "இதெல்லாம் விசாரணையில் சொல்லிக்கொள்ளுங்கள்" என்று ஒரு பாராவில் தள்ளுபடி ஆகி வந்தால், கீழே விடுவிப்பு மனு போடும்போது அந்த உத்தரவையே எடுத்து அரசு வக்கீல் படிப்பார்.

குவாஷ் என்றதும் எல்லோரும் பஜன்லால் வழக்கின் ஏழு வகைகளைச் சொல்வார்கள். ஹரியானா முன்னாள் முதல்வர் மேல் வருமானத்துக்கு மீறி சொத்து சேர்த்ததாக வந்த புகார். 1990 நவம்பரில் தீர்ப்பு. எந்தெந்தச் சூழலில் எஃப்.ஐ.ஆரை ரத்து செய்யலாம் என்று அதில்தான் வரிசைப்படுத்தினார்கள். புகாரை அப்படியே ஏற்றாலும் குற்றம் வராதது, படித்தாலே நம்ப முடியாத அபத்தம், தனிப்பட்ட பகைக்காக வஞ்சம் தீர்க்கப் போட்டது எல்லாம் அந்தப் பட்டியலில் உண்டு. ஆனால் அந்த வழக்கிலேயே எஃப்.ஐ.ஆரை ரத்து செய்தது தவறு என்றுதான் உச்ச நீதிமன்றம் சொன்னது. புலனாய்வு செய்த அதிகாரிக்கு முறையான அதிகாரம் தரப்படவில்லை என்பதால் புலனாய்வை மட்டும் ரத்து செய்தார்கள். ஏழு வகையை மனப்பாடமாகச் சொல்லும் இளம் வக்கீல்கள் அந்தக் கடைசிப் பக்கங்களையும் ஒருமுறை படிக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள்.

செந்தாழை:
எல்லாரும் எதிரி பக்கம் நின்றே பேசுகிறீர்கள். புகார் கொடுத்தவர் பக்கமிருந்தும் ஒருவர் பேச வேண்டும்.

என் அக்கா வரதட்சணைக் கொடுமை புகார் கொடுத்தார். மாமனார், மாமியார், நாத்தனார் மூவர் மேலும் வழக்கு. மேலே குவாஷ் போட்டார்கள். "பொதுவான குற்றச்சாட்டுகள், குறிப்பிட்ட செயல் எதுவும் இல்லை" என்று மாமனார், நாத்தனார் இருவரும் வெளியே வந்துவிட்டார்கள். இப்படிச் சொல்ல 2010இலிருந்தே உச்ச நீதிமன்றத் தீர்ப்புகள் இருக்கின்றன, தெரியும். கணவர் வீட்டு உறவுக்காரர்கள் அத்தனை பேரையும் இழுத்துவிடுகிறார்கள் என்பதும் சில வழக்குகளில் உண்மைதான். ஆனால் என் அக்கா எழுதிக் கொடுத்த புகார் ஒன்பது பக்கம். நாத்தனார் எந்தத் தேதியில் நகைப் பெட்டியைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டார் என்றுகூட எழுதியிருந்தார். ஸ்டேஷனில் அதை ஒன்றரைப் பக்கமாகச் சுருக்கி டைப் செய்து கையெழுத்து வாங்கினார்கள். கோர்ட் பார்த்தது அந்த ஒன்றரைப் பக்கத்தை. சாட்சி சொல்ல ஒரு வாய்ப்புக்கூட என் அக்காவுக்குக் கிடைக்கவில்லை.

"போலீஸ் காகிதத்தை மட்டும் பார்ப்பார்கள்" என்று வக்கீல் சார் சொல்கிறீர்களே, அந்தக் காகிதத்தைக் கெடுத்தால் இரண்டு பக்கமும் சாகிறது. இந்தத் தம்பியின் பெயரை உள்ளே நுழைத்ததும், என் அக்காவின் ஏழரைப் பக்கத்தை வெளியே தூக்கிப் போட்டதும் ஒரே மாதிரியான கைதான்.

தாமிரபரணி வக்கீல்:
அம்மா, நீங்கள் சொன்னது என்னைத் தைத்தது. மறுக்க மாட்டேன்.

இதைப் படிக்கும் புகார்தாரர்களுக்காக இரண்டு விஷயம். எழுதிக் கொடுக்கும் புகாரின் நகலில் தேதியும் முத்திரையும் வாங்கி வையுங்கள், அல்லது எஸ்.பி. அலுவலகத்துக்கு அதையே பதிவுத் தபாலில் அனுப்புங்கள். குவாஷ் மனுவில் உங்களைப் பிரதிவாதியாகச் சேர்த்து நோட்டீஸ் வந்தால் "அரசு வக்கீல் பார்த்துக்கொள்வார்" என்று விட்டுவிடாமல் உங்கள் வக்கீலை வைத்து அந்த ஒன்பது பக்கத்தைத் தாக்கல் செய்யுங்கள். எஸ்.சி., எஸ்.டி. வன்கொடுமைச் சட்டத்தில் 15ஏ(5) பாதிக்கப்பட்டவருக்கு ஜாமீனிலும் விடுவிப்பிலும்கூடத் தன் தரப்பைச் சொல்லும் உரிமையை எழுத்திலேயே கொடுத்திருக்கிறது. மற்ற வழக்குகளிலும் பாதிக்கப்பட்டவரைக் கேட்க வேண்டும் என்று 2022இல் உச்ச நீதிமன்றம் லக்கிம்பூர் கேரி ஜாமீன் வழக்கில் அழுத்திச் சொன்னது.

கரிசல்காட்டுப் பையன்:
செந்தாழை அக்கா, உங்க அக்காவுக்கு நடந்தது படிச்சு ரொம்ப நேரம் ஒண்ணும் எழுதத் தோணல.

நேத்து கோர்ட்டுல நகல் வாங்கிட்டோம். 46 பக்கம். ரைட்டர் ஐயா சொன்ன மாதிரி வரிசையா உட்கார்ந்து பார்த்தோம்.

புகார்ல மூணு பேரு. ஏ.ஆர். காப்பியில "தெரிந்த மூன்று நபர்கள் கையால் தாக்கியதாக" அப்படியே இருக்கு. முதல் 161 சம்பவத்தன்னைக்குப் பதிவு, அதுலயும் மூணு பேரு. ஒன்பதாவது நாள் அஞ்சு சாட்சிக்கு மறு வாக்குமூலம். அதுலதான் தம்பி பேரு வருது. அஞ்சும் ஒரே வாசகம். "ஆபாசமாக" என்கிற வார்த்தை "ஆபசமாக"ன்னு காலெழுத்து விட்டு அஞ்சு வாக்குமூலத்துலயும் ஒரே இடத்துல இருக்கு. தம்பி பத்தி இருக்கிறது "மேலும் ஏ4, ஏ5 ஆகியோர் உடன் இருந்தனர்". அவ்வளவுதான். அடிச்சான்னோ திட்டினான்னோ ஒரு வரி இல்ல.

அம்மா அந்த வாரமே கோயம்புத்தூர் பஸ் டிக்கெட்டு, பட்டறைக் கடுதாசி எல்லாம் ஸ்டேஷன்ல கொடுத்து ரசீதும் வாங்கி வச்சிருக்காங்க. சார்ஜ் ஷீட்ல அதைப் பத்தி பேச்சே இல்ல.

முன்னாள் ரைட்டர்:
ஒண்ணை டைப் பண்ணிட்டு மத்ததுக்குப் பேரை மட்டும் மாத்தினா அப்படித்தான் வரும். நானும் பண்ணியிருக்கேன். அன்னைக்கு அது ஒரு வேலையாத் தெரிஞ்சுது. இப்ப அந்தப் பையனை நினைச்சா தூக்கம் வரல.

தாமிரபரணி வக்கீல்:
தம்பி, இப்போது நிலம் கண்ணுக்குத் தெரிகிறது. விடுவிப்பு மனு போடுங்கள். அதில் என்ன எழுத வேண்டும் என்று உங்கள் வக்கீலுடன் பேச இதை வைத்துக்கொள்ளுங்கள்.

"ஓவர்ட் ஆக்ட் இல்லை", அதாவது அவன் நேரடியாக எதுவும் செய்யவில்லை, என்பதோடு நிறுத்தாதீர்கள். 147 இருக்கும்போது கூட்டத்தில் நின்றதே பொறுப்பாகும் என்று பதில் வரும். அதனால் பொது நோக்கத்தில் அவன் பங்கெடுத்ததாகக் காட்ட ஒரு சொல்கூட இல்லை, கூட்டத்தில் இருந்தான் என்பதே ஒன்பதாவது நாள்தான் முளைத்தது, ஏ.ஆர். காப்பி மூன்று பேர் என்கிறது என்று மூன்றையும் சேர்த்துக் கட்ட வேண்டும். ஏ4, ஏ5 போனால் 147 மற்றவர்கள் மேலும் நிற்காது. அதனால் அரசுத் தரப்பு இதில் கடுமையாக எதிர்க்கும்.

294(பி)க்கு வெறும் வசவு போதாது என்று 2022இல் தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆபாசமான சொல் என்ன என்று காகிதத்தில் இருக்க வேண்டும், அது பிறருக்கு இடையூறு செய்திருக்கவும் வேண்டும். 506(2)ஐயும் கவனியுங்கள். ஏழு ஆண்டு வரை தண்டனை உள்ள பிரிவு அது ஒன்றுதான். இந்த வழக்கு வாரண்ட் வழக்காக இருப்பதே அதனால்தான். அந்தப் பகுதி இல்லையென்றால் மீதியெல்லாம் சம்மன் வழக்கு. சம்மன் வழக்கில் விடுவிப்பு மனு என்ற கட்டமே கிடையாது. போலீஸ் வழக்காக இருந்தால் 258இல் நடுவர் நடவடிக்கையை நிறுத்தலாம், அவ்வளவுதான். உங்களை நெருக்க அவர்கள் போட்ட பிரிவே உங்களுக்குக் கதவைத் திறந்து வைத்திருக்கிறது.

அம்மா கொடுத்த டிக்கெட். எதிரி தன் ஆவணத்தை நீட்டக் கூடாது என்றேன் அல்லவா? ஆனால் புலனாய்வு அதிகாரி வாங்கி வைத்துக்கொண்டு மறைத்த, நம்பகமான ஆவணம் என்றால் கதை வேறு. அதைக் குற்றச்சாட்டுக் கட்டத்திலேயே கோர்ட் வரவழைத்துப் பார்க்கலாம் என்று 2017 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது. தவிர 2021 ஏப்ரலில் வந்த குற்ற விசாரணை வழிகாட்டுதல்படி, போலீஸ் கைப்பற்றி, ஆனால் சார்ந்து நிற்காத ஆவணங்களின் பட்டியலையும் எதிரிக்குக் கொடுக்க வேண்டும். முதல் மனுவாக அதைக் கேளுங்கள். ரசீதைப் பத்திரமாக வையுங்கள்.

இப்போது அந்த முள். இது ஒருகாலும் மறக்கக் கூடாதது. தமிழ்நாடு சிறப்புக் காவல் சார்நிலைப் பணி விதிகளில் 14(பி) என்று ஒன்று உண்டு. சந்தேகத்தின் பலனால் விடுவிக்கப்பட்டவரும், புகார்தாரர் பிறழ்சாட்சி ஆனதால் வெளியே வந்தவரும் குற்ற வழக்கில் தொடர்புடையவராகவே கருதப்படுவார் என்று அதன் விளக்கத்தில் இருக்கிறது. 2008இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு இதை உறுதி செய்தது. மற்ற வேலைக்குப் போகிறவர்களுக்குச் சமாதானம் நல்ல வழி. 2012 கியான் சிங் தீர்ப்புக்குப் பிறகு, நடுவர் ராஜியாக முடிக்க முடியாத 294(பி) போன்ற பிரிவையும் இரு தரப்பும் கையெழுத்திட்டுக் கொடுத்தால் உயர் நீதிமன்றம் ரத்து செய்கிறது. கொலை, பாலியல் வன்கொடுமை மாதிரியான குற்றங்களுக்கு அது கிடையாது. 2024 நவம்பரில் ஒரு போக்சோ வழக்கைச் சமரசத்தில் ரத்து செய்ததை உச்ச நீதிமன்றம் திருப்பிப் போட்டது. உங்கள் தம்பிக்கு வழக்கு முடிந்தால் மட்டும் போதாது. எப்படி முடிந்தது என்பதைத் தேர்வுக் குழு படிக்கும். "இவர் மேல் வழக்குக்கு முகாந்திரமே இல்லை" என்று நடுவர் காரணம் எழுதிய உத்தரவு அவன் கையில் இருக்க வேண்டும். உத்தரவில் "சந்தேகத்தின் பலன்" என்ற சொல் வந்துவிடாதபடி வாதம் அமைய வேண்டும்.

இன்னொன்று, சரிபார்ப்புப் படிவத்தில் இந்த வழக்கை மறைக்க வேண்டாம். மறைத்தால் அதுவே தனிக் காரணமாகிவிடும்.

மதுரை மாணவன்:
நான் அவசரப்பட்டுச் சொல்லிட்டேன் அண்ணே. போலீஸ் வேலை விஷயம் எனக்குத் தோணவே இல்ல.

ஒரு சந்தேகம் சார். விடுவிச்சபிறகு மறுபடியும் இழுக்க முடியுமா?

தாமிரபரணி வக்கீல்:
முடியும். விடுவிப்பு என்பது விடுதலை ஆகாது. அரசுத் தரப்பு சீராய்வு (அந்த உத்தரவு சரியா என்று பார்க்க மேல் கோர்ட்டைக் கேட்கும் மனு) போடலாம். பின்னால் சாட்சி விசாரணையில் வலுவாக ஏதாவது வந்தால் கோர்ட் மறுபடி கூப்பிடவும் இடம் இருக்கிறது, அதற்கு 2014 அரசியல் சாசன அமர்வு தனி நிபந்தனை வைத்திருக்கிறது. அதேபோல மனு தள்ளுபடியானால் நாமும் 90 நாளுக்குள் அமர்வு நீதிமன்றத்தில் சீராய்வு போடலாம். உயர் நீதிமன்றம் போக வேண்டுமானால் அந்தக் கட்டத்தில், கையில் ஒரு காரணம் எழுதிய உத்தரவோடு போவது நல்லது.

கரிசல்காட்டுப் பையன்:
மூணு வாரம் கழிச்சு எழுதுறேன். ஆவணப் பட்டியல் கேட்டு முதல் மனு, விடுவிப்பு மனு ரெண்டும் போட்டாச்சு. அஞ்சு வாக்குமூலத்தையும் பக்கத்துல பக்கத்துல ஒட்டி, அந்த "ஆபசமாக"வைச் சிவப்பு மையில வட்டம் போட்டு எங்க வக்கீல் இணைச்சிருக்கார். எதிர் மனு தாக்கலுக்கு அடுத்த மாசம் 14ஆம் தேதி வாய்தா. தம்பி கோயம்புத்தூர்ல இருந்து ஒவ்வொரு தடவையும் வர வேண்டாம்னு 317 மனுவும் போட்டுக்கலாம்னு சொன்னார்.

பங்காளி வீட்டுப் பெரியம்மா நேத்து கிணத்தடியில அம்மாவைப் பார்த்து, "சின்னவன் அன்னைக்கு இல்லைன்னு எங்களுக்கும் தெரியும்"னு சொல்லிட்டுக் குடத்தைத் தூக்கிட்டுப் போனாங்களாம். இதைக் கோர்ட்டுல சொல்லலாமா சார்?

தாமிரபரணி வக்கீல்:
இந்த மனுவில் சொல்ல முடியாது தம்பி. அது போலீஸ் காகிதத்தில் இல்லை. விசாரணை வரை போனால் பெரியம்மா கூண்டில் நிற்கும்போது குறுக்கு விசாரணையில் கேட்கலாம். அதுவரை அம்மா அவரிடம் இதைப் பற்றிப் பேச வேண்டாம், கூட யாரையும் கூட்டிக்கொண்டு போய்க் கேட்கவும் வேண்டாம். சாட்சியைக் கலைத்ததாகப் புதிதாக ஒன்று கிளம்பும்.

14ஆம் தேதி எதிர் மனு நகல் வந்ததும் அந்த ஒன்பதாவது நாள் பற்றி என்ன பதில் எழுதியிருக்கிறார்கள் என்று மட்டும் இங்கே சொல்லுங்கள். தம்பியை நாளைக் காலையிலிருந்து ஓடச் சொல்லுங்கள்.